பெயருக்கு முன்னால் ஒரு சொல்

மாமா மவுத்தான அன்றைக்கு நான் முதலில் அழவில்லை, சண்டைதான் போட்டேன். மய்யித்து கூடத்தில் கிடக்கிறது, ஓதுகிற சத்தம் கேட்கிறது, நான் சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு கொழுந்தன் ராமிஸின் சட்டையைப் பிடிக்காத குறைதான்.

அவன் கையில் நோட்டீஸுக்கு எழுதிய தாள். எங்கள் டமாஸ்கஸில் மவுத்து என்றால் முதலில் சுவருக்குத்தான் சொல்வோம். வீட்டு வாசல், ரொட்டிக்கடை, பள்ளிவாசல் என்று நோட்டீஸ் ஒட்டிவிட்டால் போகிறவர் வருகிறவர் எல்லாம் நின்று படித்து, கையேந்தி ஒரு ஃபாத்திஹா ஓதிவிட்டுப் போவார்கள். இறந்தவர் பெயர் பெரிதாக இருக்கும். கீழே பிள்ளைகள் பெயர் வரிசையாக வரும். உயிரோடு இருக்கிற பிள்ளை என்றால் வெறும் பெயர். போய்ச் சேர்ந்த பிள்ளை என்றால் முன்னால் ‘மர்ஹூம்’ என்று ஒரு சொல். ராமிஸ் எழுதியிருந்தான்: பிள்ளைகள், மர்ஹூம் நவ்ராஸ், ராமிஸ்.

நவ்ராஸ் என் புருஷன்.

“இந்தப் பட்டத்தை அவனுக்கு யாருடா கொடுத்தது?”

“அண்ணி, மெதுவா பேசுங்க. வெளியில ஆளுங்க இருக்காங்க.”

“இருக்கட்டும். நீ மய்யித்தைப் பார்த்தியா? கபுரைப் பார்த்தியா? எவனாவது வந்து உன்கிட்ட சொன்னானா?”

“பிடிச்சுட்டுப் போயி நாலு வருஷம் ஆச்சு அண்ணி.”

“நாலு வருஷம் ஆனா ஆள் செத்துட்டான்னு எந்தக் கிதாபுல எழுதியிருக்கு? உங்க ஆபீஸ்ல மீட்டர் ரீடிங் வரலைன்னா வீட்டையே இடிச்சிடுவீங்களோ?”

ராமிஸுக்கு மின்சார ஆபீஸில் வேலை. கெட்டவன் இல்லை, பயந்தவன். எங்கள் ஊரில் சண்டை நடக்கிற இந்த ஆறு வருஷத்தில் பயப்படாதவன் யார் என்று கேட்டால் கபுர்ஸ்தானைத்தான் காட்ட வேண்டும்.

“நாளைக்குத் துக்கம் கேக்கிற இடத்துல எவனாவது வந்து, ‘நோட்டீஸ்ல மூத்தவன் பேர் இருக்கே, ஆளைக் காணோமே’ன்னு கேட்டா நான் என்ன சொல்றது? கேக்கிறவன் துக்கத்துக்கு வந்தவனா, வேற எங்கேருந்தாவது வந்தவனான்னு யாருக்குத் தெரியும்? என் பெரியவனுக்கு அடுத்த வருஷம் பட்டாள வயசு அண்ணி. செத்தவனைப் பத்தி யாரும் கேக்க மாட்டாங்க. அதுக்குத்தான்.”

“அதுக்குத்தான் அண்ணனைக் கொன்னுட்டே.”

அவன் முகம் சுருங்கிவிட்டது. “சரி, பேரையே விட்டுடலாம்.”

“விடேன் பார்ப்போம்! உன் வாப்பாவை இந்தத் தெரு எப்படிக் கூப்பிடுது? அபூ நவ்ராஸ். நவ்ராஸோட வாப்பா. மேலேயே பெரிய எழுத்துல அவன் பேர்தான் நிக்கப்போகுது. அதை எங்க கொண்டுபோய் ஒளிப்பே?”

அவன் அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

“ராத்திரி மாமா உன்கிட்ட என்ன சொன்னாரு? நீயே சொல்லு.”

“நீங்களும் பக்கத்துலதானே இருந்தீங்க.”

“உன் வாயால சொல்லு.”

“நவ்ராஸ் பேரை முதல்ல போடு, முன்னால ஒண்ணும் போடாதேன்னு சொன்னாரு.” தாளை மடித்து என் கையில் கொடுத்துவிட்டுக் கதவைத் திறந்துகொண்டு போனான். ஜெயித்துவிட்டேன் என்றுதான் நினைத்தேன்.

ராமிஸுக்கு ஒரு விஷயம் தெரியும், ஆனால் அவன் நம்பவில்லை. நவ்ராஸ் உயிரோடுதான் இருக்கிறான் என்பதற்கு என்னிடம் அத்தாட்சி இருந்தது. எங்கள் வீட்டில் ஒரு பழைய போன் உண்டு, கரண்ட் இல்லாவிட்டாலும் வேலை செய்கிற ஜாதி. ஒன்றரை வருஷத்துக்கு முன்னால் ஒரு மத்தியானம் அது அடித்தது. எடுத்தேன். பேச்சு இல்லை, மூச்சு மட்டும். யாரு, யாரு என்று கேட்டு அலுத்துப்போய் வைக்கப்போனவள், என்ன தோன்றியதோ, “நவ்ராஸா?” என்றேன். அந்த மூச்சு நின்றது. ஆனால் லைனை வைக்கவில்லை.

அதற்குப் பிறகு மாதம் ஒரு தரமாவது வந்தது. எங்கேயோ ஒரு காவலாளி கருணை வைத்து போனைக் கொடுக்கிறான், பேசக் கூடாது என்று மட்டும் சொல்லியிருக்கிறான் என்று நானும் மாமாவும் முடிவு கட்டினோம். ஆகவே நானே பேசினேன். உன் சட்டைகளை வெயிலில் போட்டேன், அந்துப்பூச்சி அரிக்கவில்லை. கேஸ் கிடைக்கவில்லை, மண்ணெண்ணெய் அடுப்பில்தான் சமையல். மித்ஹத் உன்னைக் கேட்டார். பெர்லினுக்குப் போன நம் கவிஞர் இந்த வருஷமும் உனக்கு இரங்கல் எழுதியிருக்கிறார், நீ வந்ததும் அவரை உதைக்க வேண்டும். மாமா பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து போன் வயரைக் கையில் பிடித்துக்கொண்டிருப்பார். அவர் பூகோள வாத்தியார். “எந்த ஊர்லேருந்து பேசுறான்னு மூச்சை வச்சே சொல்லிடுவேன், மலை ஊரா, கடலோரமான்னு,” என்பார். சொன்னதில்லை. போனை வைத்ததும் நாங்கள் இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் தேத்தண்ணி குடிப்போம்.

“கிராஸ் லைன் அண்ணி அது,” என்பான் ராமிஸ். கிராஸ் லைன் மூச்சை அடக்குமா? போடா!

நோட்டீஸ் எழுத நானே இறங்கிப் போனேன். ருக்னுத்தீன் பேட்டையின் மலைச்சரிவில் எங்கள் வீடு மேலே, அச்சுக்கடை கீழே. அங்கேதான் மித்ஹத் இருக்கிறார்.

மித்ஹத் யார் என்று சொல்ல வேண்டும். ஒரு காலத்தில் இலக்கியப் பத்திரிகை நடத்தியவர். எங்களுக்கு ஒரு புதன்கிழமைக் கூட்டம் இருந்தது. நவ்ராஸ் நாடகம் எழுதுகிறவன், நான் ருஷ்யனிலிருந்து மொழிபெயர்க்கிறவள், இரண்டு கவிஞர்கள், ஒரு விமரிசகர், நடுவில் மித்ஹத். யார் எதை வாசித்தாலும், “பாதியை வெட்டு, மீதி நல்லா இருக்கும்,” என்பார். நவ்ராஸ் கடைசியாக எழுதிய தபால்காரன் நாடகத்தில் மூன்றாவது காட்சியே வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அதில் இரண்டு பேருக்கும் வாய்ச்சண்டை முற்றி மாதக்கணக்கில் பேச்சுவார்த்தை கிடையாது. ஒரே ஓட்டலில் முதுகைக் காட்டிக்கொண்டு காப்பி குடிப்பார்கள். அந்தச் சண்டை தீர்வதற்குள் ஊரில் சண்டை வந்துவிட்டது. ஒரு கவிஞர் பெர்லினுக்குப் போனார். இன்னொரு கவிஞர் அரசாங்க டிவியில் உட்கார்ந்து, இங்கே ஒன்றுமே நடக்கவில்லை என்று அழகான அரபியில் சொன்னார். விமரிசகர் இஸ்தான்புல்லில் ஷவர்மா கடை கல்லாவில் உட்கார்ந்தார். சுடப்பட்ட ஒரு மாணவனின் அடக்கத்தில் நவ்ராஸ் நின்று நாலு வார்த்தை பேசினான். மறுநாள் அரசாங்க ஆட்கள் வந்து கூட்டிப் போனார்கள். பத்திரிகையை மூடினார்கள். மித்ஹத் அச்சுக்கடைக்கு மவுத்து நோட்டீஸ் எழுத வந்துவிட்டார்.

“இந்த ஊர்ல இப்ப எல்லாரும் நின்னு படிக்கிற ஒரே எழுத்து என்னோடதுதான் ஹனாதி,” என்பார். “பெர்லின்காரனுக்குக் கூட இத்தனை வாசகர் கிடையாது.”

அன்றைக்கு அவர் கேலி பேசவில்லை. எழுந்து நின்று, “பெரிய மனுஷர் போயிட்டாரு,” என்றார். அவர் வலதுசாரி இடதுசாரி எல்லாம் பார்த்து முடித்த ஆள். நாற்பது வருஷமாகப் பள்ளிவாசல் படி ஏறியதில்லை. மாமாவுக்கும் அவருக்கும் அதில் ஓயாத தர்க்கம்.

“உஸ்தாத், பிள்ளைகள் நவ்ராஸ், ராமிஸ். முன்னால ஒண்ணும் கிடையாது,” என்று சொல்லிவிட்டு அவர் எழுதுவதைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். எழுதினார். சரியாகத்தான் எழுதினார். கரண்ட் வந்ததும் அடித்துவிடுவதாகச் சொன்னார். நான் மேலே வந்துவிட்டேன்.

மத்தியானம் லுஹர் தொழுகைக்குப் பிறகு ஆண்கள் மய்யித்தைத் தூக்கிக்கொண்டு போனார்கள். பெண்கள் வீட்டில் நிறைந்துவிட்டார்கள். சர்க்கரை போடாத காப்பியை ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். பக்கத்துச் சந்தில் இருக்கும் தையல்காரர் மனைவி உள்ளே வந்தாள், என்னைக் கட்டிப் பிடித்தாள், “அல்லாஹ் ரெண்டு பேர் மேலயும் ரஹ்மத் செய்யட்டும். எங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லலியேம்மா. மாமனாரும் போயி, புருஷனும் போயி…” என்று ஆரம்பித்தாள்.

காப்பிக் கூஜாவை அவள் கையிலேயே கொடுத்துவிட்டு வீட்டுச் செருப்போடு படியிறங்கி ஓடினேன். வாசல் சுவரிலேயே இருந்தது. ஈரம் காயவில்லை. பிள்ளைகள், மர்ஹூம் நவ்ராஸ், ராமிஸ்.

அச்சுக்கடைக்குள் நான் போன வேகத்தில் மித்ஹத் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார்.

“ஒரு கமாவைக் கூட எழுதினவன் கையெழுத்து இல்லாம மாத்த மாட்டேன்னு பீத்திப்பீங்களே! எங்க போச்சு அந்த ரோஷம்?”

“ராமிஸ் போன் பண்ணினான். நீ ஒத்துக்கிட்டேன்னு சொன்னான். கரண்ட் வந்து அரைமணி நேரம் கூட நிக்காது, உன்னைக் கேக்க நேரமில்ல…”

“நேரமில்லையா? நேரமில்லாத மனுஷன் ஒரு சொல்லைக் கூட்டிப் போட்டீங்க. வெட்டத்தானே உங்களுக்குத் தெரியும்? கூட்ட எப்போ கத்துக்கிட்டீங்க? உண்மையைச் சொல்லுங்க. ராமிஸ் சொன்னதும் கை தயங்கவே இல்லை, ஏன்னா உங்க மனசுல அந்தச் சொல்லை நீங்க எப்பவோ அடிச்சு வச்சுட்டீங்க.”

அவர் மறுக்கவில்லை. அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை, அங்கேயே ஸ்டூலில் உட்கார்ந்து அழுதேன். மாமாவுக்காகவா நவ்ராஸுக்காகவா என்று எனக்கே தெரியவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து மித்ஹத் கடையின் பின்பக்கம் போனார். கயிற்றை இழுத்து இழுத்து ஜெனரேட்டரைக் கிளப்பினார். அந்த ஆண்டு பெட்ரோல் எவ்வளவு கஷ்டம் என்று இந்த ஊரில் இருந்தவர்களுக்குத்தான் தெரியும். அந்தச் சொல்லை எடுத்துவிட்டுப் புதிதாக ஒரு கட்டு அடித்தார். ஒரு டப்பாவில் மைதாவைக் கரைத்துப் பசை காய்ச்சினார். “வா, ஒட்டிட்டு வரலாம்,” என்றார்.

ராமிஸ் எங்கெங்கே ஒட்டினான் என்று போனில் கேட்டேன். ஒப்பிப்பது போல் ஒவ்வொரு இடமாகச் சொன்னான்.

நானும் மித்ஹத்தும் படி படியாக ஏறி இறங்கினோம். துக்க வீட்டுப் பொம்பளை பசை டப்பாவோடு தெருவில் நிற்பதை ஊர் பார்த்தது. பார்க்கட்டும். சுவர்களெல்லாம் ஆறு வருஷத்து நோட்டீஸில் மெத்தை மாதிரி தடித்துக் கிடந்தன. குண்டு விழுந்து செத்தவர், குளிரில் செத்தவர், எதனால் என்று எழுதக் கூடாமல் ‘இறைவன் அழைத்துக்கொண்டான்’ என்று மட்டும் போட்டவர். எல்லா வாசகமும் மித்ஹத்துடையதுதான். சுவருக்குச் சுவர் நாட்டை ஆளுகிற பெரிய மனுஷரின் படமும் சிரித்துக்கொண்டிருந்தது. அதன் மேல் மட்டும் பசை படக் கூடாது. ஒரு இடத்தில் பட்டுவிட்டது. மித்ஹத் பதறிப்போய்த் தன் கம்பளிச் சட்டைக் கையால் அந்த மூக்கைத் துடைத்தார்.

“உஸ்தாத், பார்த்து. அதையும் வெட்டிடாதீங்க,” என்றேன்.

அந்த நாளிலும் எங்களுக்குச் சிரிப்பு வந்தது. இரண்டு பேரும் சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தோம். பிறகு அடுத்த சுவருக்குப் போனோம்.

ஒவ்வொரு நோட்டீஸை ஒட்டும்போதும் உள்ளங்கையால் அந்தப் பெயரை நீவிவிட்டேன். நவ்ராஸ். முன்னால் வெறும் வெள்ளைத் தாள். பெருநாளைக்கு ராமிஸின் மனைவி அவனுக்காக ஒரு ஃபாத்திஹா ஓத வாயெடுத்தபோது அவள் வாயைப் பொத்தியவள் நான். நாலு வருஷத்தில் ஒரு தரம் கூட அவன் பேருக்கு நான் ஓதியதில்லை. இனியும் ஓத மாட்டேன் என்று சுவருக்குச் சுவர் சொல்லிக்கொண்டே போனேன்.

துக்கம் மூன்று நாள். சாயங்காலம் ஆண்களுக்குப் பள்ளிவாசல் பக்கத்து மண்டபத்தில், பெண்களுக்கு வீட்டில். மாற்றி ஒட்டியதை ராமிஸ் பார்த்திருப்பான், என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. யாரும் அவனிடமும் ஒன்றும் கேட்கவில்லை என்று பிறகு தெரிந்தது. அவ்வளவு பயமும் வீண்.

மூன்றாம் நாள் கடைசிப் பெண்ணும் போய்விட்டாள். கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தேன். வாசலில் ராமிஸ் குரல் கேட்டது. “அண்ணி, கொஞ்சம் வாங்க.”

அவன் குரல் சரியாக இல்லை. கையைத் துடைத்துக்கொண்டு வந்தேன். ராமிஸ், அவன் பின்னால் மித்ஹத், இருவருக்கும் நடுவில் முன்பின் தெரியாத ஒரு ஆள். முப்பது வயது இருக்கும், தலையில் பாதி நரை. உள்ளே வரச் சொல்லியும் வாசல்படியிலேயே நின்றார்.

“இவர் பேர் யஹ்யா,” என்றான் ராமிஸ். “பல் செட் செய்யறவரு. கீழே, படிக்கட்டு முடியற இடத்துல கடை. மண்டபத்துக்கு வந்து என் கையைப் பிடிச்சு, ரெண்டு பேருக்கும் சேர்த்துத் துக்கம் கேட்டாரு. நான் ‘இல்லீங்க, அண்ணன்…’னு சொல்ல வந்தேன். அதுக்குள்ள இவரு…” அதற்கு மேல் அவனால் முடியவில்லை. சுவரோடு உட்கார்ந்துவிட்டான்.

“என் கடை எதிர்ல நோட்டீஸ் பார்த்தேன்க்கா,” என்றார் யஹ்யா. “மர்ஹூம்னு போட்டிருந்துச்சு. சரி, இவங்களுக்குத் தெரிஞ்சுபோச்சு, நம்ம வாயால சொல்ல வேண்டியதில்லைன்னு நெஞ்சு லேசாச்சு. அதான் வந்தேன். தெரியாதுன்னு தெரிஞ்சிருந்தா வந்திருக்க மாட்டேன். சத்தியமா வந்திருக்க மாட்டேன்.”

அந்த ஒரு சுவர். ராமிஸ் சொல்ல மறந்த சுவர்.

“என்ன தெரிஞ்சுபோச்சு?” என்றேன். தெரியாதது போல்தான் கேட்டேன்.

“நாங்க ஒரே அறையில இருந்தோம். கீழ்வரிசையில அவருக்கு ஒரு பல் பாதி உடைஞ்சிருக்கும். வெளிய போனதும் முதல் வேலையா கட்டித் தரேன்னு சொல்லியிருந்தேன்.”

அந்தப் பல், நாங்கள் மாஸ்கோவில் படித்தபோது அவன் பனியில் வழுக்கி விழுந்ததில் உடைந்தது. நான்தான் கைபிடித்துத் தூக்கினேன். அப்போது எங்களுக்குக் கல்யாணம் ஆகவில்லை.

“எப்போ?” என்றேன்.

“உள்ள வந்த ரெண்டாவது மாசம். காய்ச்சல்தான்க்கா. குளிர் தாங்கல. அடிச்சதுல போகல, நான் பக்கத்துல இருந்தேன், சத்தியமா காய்ச்சல்தான்.”

இரண்டாவது மாதம். அப்படியென்றால் நான் முதல் பெருநாளைக்கு அவனுக்குக் கம்பளிக் காலுறை பின்னியபோதே அவன் இல்லை. சட்டைகளை வெயிலில் போட்டபோது இல்லை. பெர்லின்காரருக்கு வாய்க்கு வந்தபடி கடிதம் எழுதினேனே, அப்போதும் இல்லை. எல்லாவற்றையும் ஒரு பக்கம் தள்ளிவிட்டு என் அத்தாட்சியை எடுத்தேன்.

“நீங்க ஆளை மாத்திச் சொல்றீங்க தம்பி. அவன் உயிரோட இருக்கான். எனக்குப் போன் பண்றான்.”

யஹ்யா தலையைக் குனிந்துகொண்டார். மித்ஹத் அவர் தோளில் கை வைத்தார்.

“உங்க போன் நம்பரை எங்க எல்லாருக்கும் மனப்பாடம் பண்ணி வச்சிருந்தாருக்கா. தினம் காலையில வாய்ப்பாடு மாதிரி சொல்லச் சொல்வாரு. யாரு முதல்ல வெளிய போறாங்களோ அவங்க சொல்லணும்னு. நான்தான் வந்தேன். வந்த வாரமே போன் பண்ணினேன். நீங்க எடுத்து, ‘நவ்ராஸா’ன்னு கேட்டீங்க.”

நான் திரும்பி உள்ளே இருந்த போனைப் பார்த்தேன்.

“எனக்கு வாய் வரலக்கா. அடுத்த தரம் சொல்லிடலாம்னு வச்சுட்டேன். அடுத்த தரம் நீங்க சட்டையைப் பத்திப் பேசினீங்க. வாப்பாவைப் பத்திப் பேசினீங்க. ஒவ்வொரு தரமும் இன்னிக்குச் சொல்லிடணும்னுதான் எடுப்பேன். ஒருநாள் அத்திப்பழ ஜாம் கரிஞ்சுபோச்சுன்னு அழுதீங்க. அன்னிக்காவது சொல்லியிருக்கணும். இந்தப் பக்கத்துச் சந்துலதான் குடியிருக்கேன், உங்க வீட்டு வாசலைத் தாண்ட வேண்டாம்னு ஒன்றரை வருஷமா சுத்து வழியா போய்வந்துட்டு இருக்கேன்.”

அந்த ஜாம் கரிந்தது மாமாவுக்குக் கூடத் தெரியாது. சர்க்கரை கிடைக்காத காலத்தில் கரியவிட்டுவிட்டோமே என்ற வெட்கத்தில் பாத்திரத்தைச் சுரண்டி ஒளித்துவைத்தேன். அதை நான் சொன்ன ஒரே இடம் அந்தப் போன்.

நான் அலறினேன் என்று ராமிஸ் பிறகு சொன்னான். எனக்கு நினைவில்லை. ராமிஸ் தரையில் உட்கார்ந்தபடியே தன் தலையில் தானே அடித்துக்கொண்டு, “நான் எழுதியிருக்கக் கூடாது, நான் அந்தச் சொல்லை எழுதியிருக்கக் கூடாது,” என்று திருப்பித் திருப்பிச் சொன்னது மட்டும் நினைவிருக்கிறது. நான் போய் அவன் கையைப் பிடித்து நிறுத்தினேன். அந்தப் பயந்தாங்கொள்ளியைத் தவிர எனக்கு இனி யார் இருக்கிறார்கள்?

கொஞ்சம் அடங்கியதும் கேட்டேன். “தம்பி, அவன் ஏதாவது சொல்லிவிட்டானா?”

யஹ்யா மித்ஹத்தைப் பார்த்தார். “மித்ஹத்துங்கிறது நீங்கதானே? உங்களுக்கு ஒண்ணு சொல்லச் சொன்னாரு. மூணாவது காட்சி வேண்டாம்னு நீங்க சொன்னது சரியாம். உள்ள உக்காந்து யோசிச்சுப் பார்த்தாராம். அந்தத் தபால்காரன் ரெண்டாவது காட்சியிலயே வீட்டுக்குப் போயிடணுமாம்.”

மித்ஹத் அப்படி அழுது நான் பார்த்ததில்லை. “இல்ல, இல்ல, அது நல்ல காட்சி. பொறாமையில சொன்னேன். அதுதான் நல்ல காட்சி, எனக்கு அப்பவே தெரியும்,” என்றார். யாரிடம் சொன்னார்? அதைக் கேட்க வேண்டியவன் போய் நாலு வருஷம்.

“எனக்கு?” என்றேன்.

யஹ்யா ரொம்ப நேரம் யோசித்தார். பொய் சொல்லலாமா என்று யோசித்திருப்பார், நல்ல பிள்ளை. “உங்களுக்குன்னு தனியா ஒண்ணும் இல்லக்கா. அந்த நம்பர்தான். கடைசி ரெண்டு நாளு காய்ச்சல் வேகத்துல அதைத்தான் சொல்லிட்டே இருந்தாரு. வேற பேச்சே இல்ல.”

மறுநாள் காலையில் மித்ஹத் வந்தார். பசை டப்பா கையில் இருந்தது. நாங்கள் இறங்கிப் போனோம். ரொட்டிக்கடை தாண்டி, படிக்கட்டு முடிகிற இடத்தில், பல் செட் கடைக்கு எதிர்ச்சுவரில் அது இருந்தது. ராத்திரி தூறலில் ஒரு மூலை பிய்ந்து தொங்கியது. மேலே பெரிதாக, ஹாஜி அபூ நவ்ராஸ். கீழே, பிள்ளைகள், மர்ஹூம் நவ்ராஸ், ராமிஸ்.

“இது மேல புதுசை ஒட்டணுமா?” என்று மெதுவாகக் கேட்டார்.

“வேண்டாம். அந்த மூலையை மட்டும் ஒட்டிவிடுங்க.”

அவர் பசை தடவி அழுத்தினார். கையில் சூடான ரொட்டியை அடுக்கிக்கொண்டு ஒருவர் படியேறி வந்தார். எல்லாரையும் போல நின்றார், படித்தார்.

“வேண்டப்பட்டவங்களாம்மா?” என்றார்.

“மேல இருக்கிறவரு என் மாமா. கீழ இருக்கிறவரு என் புருஷன்,” என்றேன்.

அவர் ரொட்டியை ஒரு கைக்கு மாற்றிக்கொண்டு, இன்னொரு கையை ஏந்தி, உதடு அசைய ஓதி, முகத்தைத் தடவிக்கொண்டு போனார். நானும் கையை ஏந்தினேன். சின்னப் பிள்ளையிலிருந்து ஓதி வந்த ஃபாத்திஹா, இரண்டாவது வரியிலேயே எனக்கு நின்றுவிட்டது. எவ்வளவு தேடியும் அடுத்த சொல் வரவில்லை. பக்கத்தில் மித்ஹத், பசை படிந்த இரண்டு கையையும் ஏந்திக்கொண்டு, அந்த அடுத்த சொல்லை எடுத்துக் கொடுத்தார். அதற்கடுத்ததையும் கொடுத்தார். அவர் சொல்லச் சொல்ல நான் சொன்னேன்.